தாளித்த சாலட்

விக்கிரமசிங்கபுரம் பேருந்து நிறுத்தம் அருகே ஒரு தோசைக் கடையில் நிற்கிறேன். புதுச்சேரியில் ஆசையாக வாங்கிய ஆட்டுப்பால் சீஸ் பையில் இளகுகிறது. இன்றே தின்றாக வேண்டும். சந்தையில் வாங்கிய புதினாவையும் வெந்தயக்கீரையையும் ஆய்ந்து தட்டில் பரப்பி, கடைக்காரரிடம் நீட்டுகிறேன்.

“பிரெஞ்சு சாலட், அண்ணாச்சி. சீஸை மட்டும் கல்லில் சூடாக்கி இதன்மேல் வையுங்கள். இலை பச்சையாகவே இருக்கட்டும்.”

“அதுக்கென்ன, செஞ்சுருவோம்.”

கை கழுவித் திரும்புவதற்குள் கீரை கடுகு உளுந்தோடு வதங்கி, சீஸும் அதில் கரைந்து கிடக்கிறது.

“என்ன அண்ணாச்சி இது?”

“வந்தவியளுக்கு ஆட்டுக்கு வைக்க மாதிரி பச்ச எலைய வச்சா, நாளைக்கு நான் இங்கன கடை நடத்தண்டாமா? பூண்டு தட்டிப் போட்டு அந்த ஆட்டு வாடையையும் எடுத்துட்டேன்.”

அந்த வாடைக்குத்தான் விலையே என்று பிரெஞ்சுச் சமையலைப் பற்றி விரிவுரை ஆற்றுகிறேன். அவர் பொறுமையாகக் கேட்டபடி என் தட்டில் தோசை வைக்கிறார். நான்காவது தோசைக்குக் கீரை போதவில்லை.