வழி தெரியாமல் முன்னால் நடந்தது

முதலில் என் புத்திகெட்டதனத்தைச் சொல்லிவிடுகிறேன். மற்றவர்கள் சொல்லி நீங்கள் கேட்பதைவிட அது கொஞ்சம் மரியாதை. கண்டிச் சீமைக்கு ஒரு தடவை போய் வந்தவன் என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தேன். நான் போனது மன்னார்க் கரை வரைக்கும்தான். இறங்கிய மறுநாளே வயிற்றுக்கடுப்பு வந்து, ஐந்து நாள் ஒரு மரத்தடியில் கிடந்துவிட்டு, அடுத்த தோணியில் திரும்பிவிட்டேன். அந்த ஐந்து நாளும் கண்டியிலிருந்து ஊர் திரும்புகிறவர்கள் பேசியதெல்லாம் காதில் விழுந்தது. மலை இப்படி உயரும், குளிர் இப்படிக் கடிக்கும், கோப்பிப் பழம் இப்படிச் சிவந்து கிடக்கும். அத்தனையையும் என் கண்ணால் கண்டதாக ஊரில் அவிழ்த்துவிட்டேன். அட்டை கடித்த தழும்பு என்று காலில் ஒன்றைக் காட்டினேன். அது சின்ன வயதில் வந்த சிரங்கு; அதற்கு வேப்பெண்ணெய் தடவிவிட்டது என் அண்ணன்.

கண்டிக்குக் கிழக்கே, குண்டசாலைப் பக்கத்துக் கோப்பித் தோட்டம் ஒன்றில் எங்கள் மாமா கங்காணியாக இருந்தார். பழம் எடுக்கும் காலம் நெருங்கியது, ஆட்களைக் கூட்டி வரச் சொல்லி அனுப்பியிருந்தார். யார் கூட்டிப் போவது? வழி தெரிந்தவன் ஊரில் ஒருவன்தானே இருந்தான். பதினெட்டுப் பேரை என் கையில் ஒப்படைத்தார்கள். என் அண்ணனும் மதினியும் அதில் இருந்தார்கள். மாமா கொடுத்தனுப்பிய சிவப்புத் தலைப்பாகையைக் கட்டிக்கொண்டு குளத்துத் தண்ணீரில் பார்த்தேன். தலைப்பாகையை மட்டும் பார்த்தால் தலைவன் மாதிரிதான் இருந்தது.

மன்னாரிலிருந்து மாத்தளை வரைக்கும் காட்டு வழி. நாங்கள் தப்பாமல் வந்து சேர்ந்தது எப்படி என்றால், எங்களுக்கு ஒரு கூப்பிடு தூரத்துக்கு முன்னால் வேறொரு கூட்டம் போய்க்கொண்டிருந்தது. அவர்கள் பின்னால் நான் போனேன். என் பின்னால் என் ஆட்கள் வந்தார்கள். அவர்கள் உட்கார்ந்தால், "இங்கதான் எப்பவும் உக்காருவோம்" என்பேன். அவர்கள் எழுந்தால், "போதும், கெளம்புங்க" என்பேன். அதட்டலில் மட்டும் குறை வைக்கவில்லை. பத்துப் பன்னிரண்டு நாளில் என் சொல்லுக்குப் பதினெட்டுப் பேரும் எழுந்து உட்காரப் பழகியபோது, நான் நிஜமாகவே தலைவன்தான் என்று எனக்கே நம்பிக்கை வந்துவிட்டது.

மாத்தளையில் அந்தக் கூட்டம் தங்கள் தோட்டத்துப் பாதையில் பிரிந்து போய்விட்டது. அன்று காலையில்தான் அண்ணனுக்குக் காய்ச்சல் கண்டது.

அந்தக் காலத்தில் வழியில் காய்ச்சல் என்றால் என்ன என்று எங்களுக்குத் தெரியும். நடக்க முடியாதவர்களை விட்டுவிட்டுப் போன கூட்டங்களின் அடையாளங்களைப் பாதையோரத்தில் பார்த்துக்கொண்டே வந்திருந்தோம். ஒரு பாய், ஒரு கலயம், சில இடங்களில் அதுவும் இல்லை. அண்ணனைப் பொழுது சாய்வதற்குள் கண்டியில் ஒரு வைத்தியரிடம் கொண்டு சேர்க்க வேண்டும். வேறு நினைப்பு இல்லை.

வழியில் அக்குறணை என்ற ஊரை நெருங்கும்போது ரோட்டிலிருந்து ஒரு ஒற்றையடிப் பாதை இடது பக்கமாக மலையேறியது. அதன் வாயில் குறுக்கே பச்சை இலையோடு ஒரு கொப்பு கிடந்தது. ஒடித்து ஒரு நாள்கூட ஆகியிருக்காது. எனக்கு உடம்பெல்லாம் பூரித்துவிட்டது. முன்னால் போன நம் ஆட்கள் பின்னால் வருகிறவர்களுக்காகப் போட்டுவைத்த அடையாளம். இதுதான் குறுக்கு வழி.

"கொழுந்தனாரே, வண்டித்தடம் நேராப் போகுது" என்றார் மதினி. "இதுல ஒரு தடத்தையும் காணோமே."

"வண்டி சுத்திப் போகும் மதினி. மனுசன் ஏன் சுத்தணும்?"

"போன தடவயும் இதுல போனீங்களாக்கும்?"

"பின்ன?"

கொப்பைத் தாண்டி நடந்தேன். எல்லோரும் தாண்டினார்கள். அண்ணன் இரண்டு பேர் தோளைப் பிடித்துக்கொண்டு தாண்டினார்.

முதலில் கோப்பிச் செடிகள். பிறகு வெட்டிப்போட்ட காடு. பிறகு வெட்டாத காடு. மழை பிடித்தது. பின்னாலிருந்து ஒருவர், "இன்னும் எம்புட்டுத் தூரம்?" என்று கேட்டார். "ரெண்டு மேடுதான்" என்றேன். அந்த இரண்டு மேட்டை நான் நான்கு தடவை சொல்லியிருப்பேன். நான்காவது தடவை சொன்னபோது பாதை ஒரு பள்ளத்தின் ஓரத்தில் முடிந்துபோயிருந்தது. கீழே ஓடை இரைந்துகொண்டிருந்தது. அண்ணன் காலை மடக்கி உட்கார்ந்தார். பல் அடிக்கும் சத்தம் எனக்குக் கேட்டது.

அப்போதும் நான் என்ன செய்தேன் தெரியுமா? தலைப்பாகையைச் சரிசெய்துகொண்டு, பள்ளத்தை யோசனையோடு பார்த்தேன். ஏதோ அது நான் எதிர்பார்த்த பள்ளம்தான் என்பது மாதிரி.

மதினி தலைச்சுமையை இறக்கி வைத்தார். சத்தம் போடவில்லை.

"வேசமெல்லாம் போதும். இவரு போயிட்டா நான் தனியா ஊருக்குப் போய் என்னன்னு சொல்லுவேன்? வழி தெரியுமா தெரியாதா? ஒண்ணச் சொல்லுங்க."

"தெரியாது" என்றேன். பிறகு, நிறுத்தினால் அப்புறம் வாய் வராது என்று பயந்தவன்போல மிச்சத்தையும் சொன்னேன். மன்னார், மரத்தடி, வயிற்றுக்கடுப்பு, சிரங்கு எல்லாம்.

அடி விழும் என்று நினைத்தேன். வாங்கிக்கொள்ளத் தயாராகவும் இருந்தேன். ஒருவர் வெற்றிலையைத் துப்பினார். ஒரு பெண், "சிரங்கா?" என்று கேட்டுவிட்டு, அந்த நிலைமையிலும் வாயைப் பொத்திக்கொண்டாள். பிறகு பின்னாலிருந்து தூரம் கேட்டவரே என்னைப் பார்த்துக் கேட்டார்: "சரி, இப்ப என்ன செய்யிறது?"

இன்றுவரை என்னால் மறக்க முடியாத கேள்வி அது. தெரியும் தெரியும் என்று நான் அதட்டிய நாளெல்லாம் அவர்கள் என்னிடம் தூரம்தான் கேட்டார்கள். தெரியாது என்ற பிறகுதான் யோசனை கேட்டார்கள். பதினெட்டு முகங்கள் என் பக்கம் திரும்பியிருந்தன. தலைவன் என்பது தன் தலைக்குள் எல்லாம் இருப்பவன் என்று அதுவரை நினைத்திருந்தேன். அன்று என் தலைக்குள் ஒன்றும் இல்லை. அதனால் அவர்களிடம் கேட்டேன். யாருக்குத் தோளில் பலம் இருக்கிறது? ஏறி வரும்போது யாராவது எதையாவது பார்த்தீர்களா, கேட்டீர்களா?

சிரங்கு கேட்டு வாயைப் பொத்தியவள், "கீழ மணிச் சத்தம் கேட்டுச்சு. மாட்டு மணி. அப்பவே சொல்லலாம்னு பாத்தேன், நீங்க எரிஞ்சு விழுவீங்க" என்றாள்.

மதினி கையை நீட்டினார். "அதக் கழட்டுங்க." தலைப்பாகையைக் கொடுத்தேன். இரண்டு கம்புகளில் அதை ஏணை கட்டி அண்ணனைக் கிடத்தினார்கள். எத்தனை முழம் என்று அன்றுதான் தெரிந்தது. என் தலைக்கு அது ரொம்பவும் அதிகம்.

நான் முன்னால் ஓடினேன். மணிச் சத்தம் வந்த பக்கம் இறங்கி, எனக்குத் தெரிந்த நாலைந்து சிங்களச் சொல்லையும் ஒன்றாகச் சேர்த்துக் கத்தினேன். ஒரு பாறையைச் சுற்றிப் பொதிமாடுகள் வந்தன. பின்னால் தொப்பி போட்ட ஒருவர், அக்குறணைக் கடைக்காரர், உப்பு மூட்டைகளோடு வந்தார்.

"தமிழ்ல கத்துங்க தம்பி, வெளங்கும்" என்றார். நான் சொல்லி முடித்ததும் கேட்டார்: "பாதையில கொப்பு ஒண்டு கெடந்திச்சா?"

"கெடந்துச்சு. அதப் பாத்துத்தான் ஏறினோம்."

"கொப்புப் போட்டா அதால போக வேணாம் எண்டு அர்த்தம். பொறகால வாற ஆக்கள் வழி மாறக் கூடாதெண்டு போடுற. நீங்க என்ன, தாண்டியா வந்தீங்க?"

என்னோடு பத்தொன்பது பேரும் தாண்டினோம் என்றேன். அவர் முகத்தை மாட்டுப் பக்கம் திருப்பிக்கொண்டார். சிரிப்பை அடக்குகிறார் என்று நினைத்தேன். என் பின்னாலேயே வந்து சேர்ந்த ஏணையைப் பார்த்த பிறகு அவர் முகம் மாறியது. ஒரு மாட்டிலிருந்து மூட்டைகளை இறக்கினார்.

"மாடு ஆளத் தூக்கும். மூட்டைய யாரு தூக்கிற?"

ஒன்றை நான் எடுத்துக்கொண்டேன். மழையில் உப்புக் கரைந்து முதுகில் வழிந்தது. அட்டை கடித்த இடமெல்லாம் எரிந்தது. அந்த அட்டைகள் நிஜமானவை. இறங்கும் வழியெல்லாம் நான் வரிசையில் கடைசி. என் ஆட்களின் முதுகைப் பார்த்துக்கொண்டு நடப்பது அதுதான் எனக்கு முதல் தடவை. யார் நொண்டுகிறார்கள், யார் பசியில் தள்ளாடுகிறார்கள் என்பதெல்லாம் அங்கிருந்துதான் தெரிந்தது. இத்தனை நாள் நான் கூட்டி வந்தவர்களை அதுவரை நான் பார்த்ததே இல்லை.

கடைக்காரர் வீட்டில் மல்லித் தண்ணீரும் கஞ்சியும் கொடுத்தார்கள். அவர்கள் அழைத்து வந்த வைத்தியர் அண்ணனின் நாடியைப் பிடித்துப் பார்த்துவிட்டு, விடிந்தால்தான் சொல்ல முடியும் என்றார். விடிந்தபோது அண்ணன் தண்ணீர் கேட்டார். மதினி அழுதது அப்போதுதான்.

நான்கு நாள் கழித்து ரோட்டை விடாமல் நடந்து கண்டி வந்து, மஹய்யாவையில் எங்கள் பக்கத்து ஆட்கள் இருந்த குடிசை ஒன்றில் தங்கினோம். இரண்டு சந்தியில் நான் நின்று வழி கேட்டேன். யாரும் சிரிக்கவில்லை. அதன்பிறகு மாமாவின் சொல்படி பல வருடம் ஆட்களைக் கூட்டி வந்திருக்கிறேன். தெரியாது என்ற சொல்லை ஒவ்வொரு வருடமும் சொல்லியிருக்கிறேன். இந்த வயதிலும் பழகவில்லை.

மஹய்யாவையில் அன்று அண்ணன் சுவரில் சாய்ந்து கஞ்சி குடித்துக்கொண்டிருந்தார். மற்றவர்கள் வெளியே இருந்தார்கள். மன்னிப்புக் கேட்கத்தான் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். வாயில் வந்தது வேறு.

"அண்ணே, எனக்கு வழி தெரியாதுன்னு உனக்கு எப்பத் தெரிஞ்சுச்சு?"

அண்ணன் கலயத்தை இறக்காமலே சொன்னார்:

"கெளம்புறதுக்கு முந்தியே."