கேமரா ஓடும்போது பேசாதவர்

ஒன்பதாம் வகுப்போடு பள்ளியை விட்டேன். லாரியில் க்ளீனராகப் போனேன், கல்யாண வீடியோ எடுத்தேன், வானூரில் இருந்துகொண்டு ஒரு பத்திரிகைக்குச் செய்தி அனுப்பினேன். செய்தி என்றால் பெரும்பாலும் சாவு. விபத்து, பாம்புக்கடி, கிணறு. நாலு வரி எழுதிவிட்டு அடுத்த ஊருக்குப் போவேன். நாலு வரி போதாது என்று தோன்றித்தான் ஆவணப்படம் எடுக்க வந்தேன்.

மரக்காணம் உப்பளத்தில் ஒரு கோடை முழுக்கப் படம் பிடித்தேன். மழைக்காலத்தில் வேலையில்லாமல் போகும் கூலிக் குடும்பங்களைப் பற்றிய படம். அங்கே உப்பு வாரும் ஒருவர் வாய் ஓயாதவர். டீ குடிக்கும்போது என்னைத்தான் கிண்டல் செய்வார்.

"ஏம்பா, காலைல இருந்து சும்மா வெயில்ல நிக்கிற. ஒரு பலகைய புடிச்சி வாரினா அரைக் கூலியாவது வரும்ல?"

கேமராவைத் தூக்கினால் வாயை மூடிக்கொள்வார். எதைக் கேட்டாலும் தலையை மட்டும் ஆட்டுவார். கூச்சம் போலிருக்கிறது என்று விட்டுவிட்டேன்.

மழைக்குச் சற்று முன்னால், சைக்கிளில் வேலைக்குப் போனவரை கிழக்குக் கடற்கரைச் சாலையில் லாரி அடித்துப் போட்டது.

காரியம் முடிந்த பிறகு அவர் மனைவி பெண் குழந்தையை இடுப்பில் தூக்கிக்கொண்டு நான் தங்கியிருந்த அறைக்கு வந்தார்.

"போட்டோ இருக்குது சார். குரலுதான் இல்ல. போனும் அவரோட நசுங்கிடுச்சு. இவ சின்னவ, மறந்துடுவா. நீங்க எடுத்ததுல அவரு பேசினது ஏதாவது இருந்தா குடுங்க."

எல்லாவற்றையும் போட்டுக் காட்டினேன். வாருகிறார், வியர்வை துடைக்கிறார், தண்ணீர் குடிக்கிறார். பக்கத்தில் யாராவது வாய் திறந்தால் கையைக் காட்டி அடக்குகிறார்.

"கேமரா முன்னால மட்டும் ஏம்மா இப்படி?" என்றேன்.

"நீங்கதான சார் மொத நாளே பேசக்கூடாதுன்னீங்க? பேசினா படம் கெட்டுடும்னு வீட்ல வந்து சொன்னாரு. பாவம், ஊர் ஊரா அலையற ஆளு, நாம கெடுத்துடக்கூடாதுன்னாரு."

அப்போதுதான் புரிந்தது. எந்த இடத்தில் படம் எடுத்தாலும் அங்குள்ள காற்றின் ஓசையை மட்டும் தனியாகப் பதிவு செய்துகொள்வோம். காட்சிகளைக் கோர்க்கும்போது வெட்டு தெரியாமலிருக்க அது வேண்டும். அதற்காக ஒரு நிமிடம் எல்லோரையும் பேசாமல் நிற்கச் சொல்லியிருந்தேன். அவர் அதைக் கேமரா ஓடும்போதெல்லாம் என்று எடுத்துக்கொண்டிருக்கிறார்.

அந்த நிமிடம் முடிந்ததும் அவர் பேசினார். "இனிமே மூச்சு விடலாமா?" என்று கேட்டு எல்லோரையும் சிரிக்க வைத்தார். எனக்கு நன்றாக நினைவிருந்தது. பதிவைத் தேடியெடுத்து அந்தப் பெண்ணின் காதில் ஹெட்போனை மாட்டினேன்.

கண்ணை மூடிக் கேட்டார். வயரை இழுத்த குழந்தையின் கையைப் பிடித்துக்கொண்டார். பதிவு நின்றது.

"காத்துதான் சார் கேக்குது. கடைசில நீங்க போதும்ங்கறீங்க."

"அதுக்கப்புறம்?"

"அதோட நின்னுடுச்சு."

போதும் என்று சொன்ன கையோடு பொத்தானை அழுத்தி நிறுத்தியிருக்கிறேன். எப்போதும் அப்படித்தான் செய்வேன்.

"அந்தக் காத்துல அவரும்தான நின்னுட்டிருந்தாரு. இன்னொரு தடவ போடுங்க சார்," என்றார்.

போட்டேன்.