பெர்னிஸின் பதினோரு நிமிடக் கையுறை

அமெரிக்காவின் டொலீடோ நகரத்தில், ஆடை களையும் நடனம் காட்டும் பர்லெஸ்க் அரங்கு ஒன்றில் நான் டிரம் வாசித்துக்கொண்டிருந்தேன். மற்ற நடனக்காரிகள் இறகு, பாவாடை, ரவிக்கை என்று ஒவ்வொன்றாகக் கழற்றி வீசிவிட்டு உள்ளே ஓடுவார்கள். பெர்னிஸ் நோவாட்னி கழற்றியது ஒரே ஒரு கையுறை. முழங்கைக்கு மேலே ஏறும் கறுப்பு சாட்டின் கையுறை. அதற்குப் பதினோரு நிமிடம் எடுத்துக்கொள்வாள்.

நாற்பத்தொரு வயது, வாட்டசாட்டமான உடம்பு. முன்பு கண்ணாடி ஆலையில் பாட்டில் தரம் பிரித்தவள். "எட்டு மணி நேரம் உறைக்குள்ள வெந்த கைக்குத்தான் தெரியும், அதக் கழட்டுற சுகம்" என்பாள். ஒரு பொத்தானை அவிழ்ப்பாள். கூரையைப் பார்ப்பாள். மனம் மாறியவள்போல மறுபடி மாட்டுவாள். பார்ப்பவர்கள் நாற்காலி நுனிக்கு வந்துவிடுவார்கள்.

1937இல் ஓர் இளம் போலீஸ்காரர் மதியக் காட்சி பார்த்துவிட்டு அவள்மேல் ஆபாச வழக்குப் போட்டார். என்னையும் நீதிமன்றத்துக்குச் சாட்சியாக அழைத்தார்கள்.

"எல்லாத்தையும் கழட்டிட்டாங்கய்யா" என்றார் போலீஸ்காரர், முகம் சிவக்க.

"பொய்யிங்க. என் கவுனுக்கு முதுகுல இருபத்தேழு கொக்கி. அத அவுக்கவே ரெண்டு ஆள் வேணும்" என்றாள் பெர்னிஸ்.

"அப்ப என்னதாம்மா கழட்டுன? காட்டு" என்றார் நீதிபதி.

"சால், வாசிடா" என்றாள் என்னிடம், போட்டு வந்திருந்த கறுப்புக் கையுறையை நீட்டிக்கொண்டு. இரண்டு பென்சில்களால் மேசையைத் தட்டினேன். எழுத்தர் தட்டச்சை நிறுத்தினார். நீதிபதி தூக்கிய தண்ணீர்க் குவளை வாய்க்குப் போகவே இல்லை. சுண்டுவிரல்வரை உருவியவள், சட்டென்று கையுறையை மேலே இழுத்துவிட்டாள்.

"மிச்சம் தியேட்டர்லங்கய்யா."

சிரிப்பு அடங்க வெகுநேரம் ஆனது. நீதிபதி போலீஸ்காரரிடம் திரும்பினார். "உண்மையச் சொல்லுப்பா. அன்னிக்கு என்ன பாத்த?"

அவர் ரொம்ப யோசித்தார். "கையுறைதான் போலருக்குங்கய்யா. ஆனா எல்லாத்தையும் பாத்த மாதிரியே இருந்துச்சு."

வழக்கு தள்ளுபடி ஆனது. வாசலில் பெர்னிஸ் போலீஸ்காரரைப் பிடித்துக் கன்னத்தில் முத்தமிட்டாள். "பன்னெண்டு வருசமா ஆடுறேன். யாருமே இப்பிடிப் பாராட்டுனதில்ல தம்பி." அவள் கண் கலங்கியிருந்தது.

அடுத்த வாரமே அரங்கு நிரம்பி வழிந்தது. "ரெண்டு கையுறையும் கழட்டேன்" என்று முதலாளி கெஞ்சினார்.

"இடது கை இன்னும் பழகலங்க" என்றாள்.

ஐந்து வருடம் வீட்டில் கண்ணாடி முன்னால் நின்று பழகிவிட்டுத்தான் இடது கையை மேடை ஏற்றினாள். அதற்குப் பத்தொன்பது நிமிடம். எனக்கு மணிக்கட்டு வீங்கிப்போனது.