எட்டே சொற்களில் ஒரு ரிமாண்ட்

இன்று காலை புதுச் சோப்பு ஒன்றைப் பிரித்தேன். அதற்கு இரண்டு உறை. எதற்கு இரண்டு என்று யாரைக் கேட்பது? அந்த வாசனையோடு ரொட்டிக்காரர் சவரிமுத்துவின் துணிப்பை கண்முன் வந்து நின்றது.

அப்போது நான் புதுச்சேரியில் ஒரு வக்கீலிடம் குமாஸ்தா. சவரிமுத்துவின் வீடு முத்தியால்பேட்டையில் ஒரு சந்தின் கடைசியில். பக்கத்து வீட்டுக்காரர் அந்தச் சந்தின் வாயில் சுவர் எழுப்பிவிட்டார். மனிதர் ரொட்டிக் கூடையோடு பின்வீட்டுக் கொல்லை வழியாகக் கெஞ்சிக் கெஞ்சிப் போய் வந்தார். சந்து பொது என்பதற்குப் பழைய பத்திரம் இருந்தது, ஆனால் பிரெஞ்சில். மொழிபெயர்ப்பு இல்லையென்று கீழ்க்கோர்ட் அதைப் பார்க்காமலே வழக்கைத் தள்ளிவிட்டது. அப்பீலில்தான், பத்திரத்தைப் படித்துப் புதிதாகத் தீர்ப்புச் சொல்லும்படி வழக்கைத் திருப்பி அனுப்பினார்கள். எட்டு வருடத்தில் முதல் நல்ல செய்தி.

உடனே கார்டு போட்டேன். சொற்களை எண்ணி எழுதுவதில் எனக்கு அப்போதே கர்வம். "கேஸ் ரிமாண்ட் ஆகிவிட்டது. புதன் பத்து மணிக்குக் கோர்ட்டுக்கு வரவும்." எட்டே சொற்கள்.

வந்தார். பையில் இரண்டு வேட்டி, ஒரு போர்வை, ஒரு சோப்பு, ஆறு ரொட்டி. பின்னால் மனைவி ஞானம்மா, அழுது வீங்கிய கண்களோடு.

"எத்தினி நாளு தம்பி உள்ள வெப்பாங்க?"

"எங்கண்ணே?"

"நீதான ரிமாண்டுன்னு எழுதுன."

"சொவரு வெச்சவன் வூட்ல ஒக்காந்துகினு இருக்கான்," என்றார் ஞானம்மா. "வழி கேட்ட மனுசன உள்ள போடறீங்களே, இது இன்னா கோர்ட்டு?"

"ரிமாண்டு ஆளுக்கு இல்லக்கா, கேஸுக்கு. கீழ்க்கோர்ட்டுக்கே திருப்பி அனுப்பியிருக்காங்க. மறுபடி மொதல்லேருந்து."

சவரிமுத்துவின் முகம் இன்னும் வாடியது. "மொதல்லேருந்தா? அதுக்கு ஜெயிலே தேவலாம் தம்பி."

"இந்தத் தரம் பத்திரத்தப் படிச்சே ஆவணும்ணே."

ஞானம்மாவுக்குத்தான் முதலில் சிரிப்பு வந்தது. கோர்ட்டு வேப்பமரத்தடியில் ஆறு ரொட்டியையும் பிய்த்துக் கொடுத்தார். என் பங்கு ஒன்றரை.

ஐந்தாவது வாய்தாவில் ஜெயித்தோம். சுவர் இடிந்த அன்று அவர் மணியடித்தபடி சைக்கிளைத் தள்ளிக்கொண்டு போனார். நான் பின்னால் எண்ணிக்கொண்டே நடந்தேன். சந்து வாயிலிருந்து வீட்டு வாசலுக்கு முப்பத்தேழு அடி வைக்க வேண்டியிருந்தது. அங்கே அந்தச் சோப்பை என் கையில் வைத்தார்.

"நீயே வெச்சிக்க. இனிமே கார்டுல ஒரு வார்த்த சேத்து எழுது."

போன மாதம் அந்தப் பக்கம் போனேன். இரண்டு வீடுகளும் சேர்ந்து நாலு மாடியாகிவிட்டன. சுவரும் இல்லை, சந்தும் இல்லை. பழக்க தோஷம், கேட்டிலிருந்து எண்ணியபடி நடந்தேன். முப்பத்துநாலாவது அடியில் லிஃப்ட் கதவு தடுத்தது.

"யாரப் பாக்கணும் பெரியவரே?" என்றார் காவலாளி.

இன்னும் மூன்று அடி பாக்கி இருக்கிறது என்றேன்.