நாணலுக்குச் சட்டை போட்டவர்

போன வாரம் தருவைகுளத்தில் ஓர் ஒற்றனைப் பிடித்தோம்.

சிரிக்காதீர்கள். நடந்ததை நடந்தபடி சொல்கிறேன்.

கொழும்பில் ஜப்பான்காரன் குண்டு போட்டதிலிருந்து எங்கள் தூத்துக்குடியில் யாரும் யாரையும் நம்புவதில்லை. ஹார்பர் பக்கம் புது முகம் தெரிந்தால் போதும் - யார், எந்த ஊர், எதற்கு வந்தார்? நான் கயிற்றுக்கடை வைத்திருப்பவன். போதாக்குறைக்கு ஏ.ஆர்.பி. வார்டன் வேறு. விமானம் வந்தால் ஜனங்களைப் பத்திரமான இடத்துக்குக் கொண்டுபோக வேண்டிய ஆள். சந்தேகப்படுவது என் டியூட்டி!

அன்று காலை, கேட்டிருந்த கயிற்றைக் கொடுக்க சைக்கிளில் தருவைகுளம் போனேன். ஊர் எல்லையிலேயே சவரிமுத்து ஓடி வந்தார். கடலுக்குப் போகிறவர், என் பழைய வாடிக்கைக்காரர்.

“அண்ணாச்சி, ஓடைக்கரையில ஒரு ஆளு நாணலுக்கு வெள்ளைச் சட்டை போடுதான்!”

போய்ப் பார்த்தால்... சட்டையேதான். ஆள் உயரத்துக்கு மேல் வளர்ந்த நாணல். பூத்த கதிர் ஒவ்வொன்றின் தலையிலும் ஒரு வெள்ளைத் துணிப்பை. கடல் காற்றில் எல்லாம் கொடி மாதிரி ஆடுகின்றன. மேலே பறக்கிறவனுக்கு இதைவிட நல்ல சிக்னல் வேண்டுமா?

நடுவில் அரை டிராயரும் தொப்பியுமாக ஓர் இளைஞர். தண்டை டேப் வைத்து அளக்கிறார். இலையைப் பூதக்கண்ணாடியில் பார்க்கிறார். ஓடைத் தண்ணீரை விரலால் தொட்டு நாக்கில் வைத்துக்கொள்கிறார்.

தண்ணீரை எதற்கு ருசி பார்க்க வேண்டும்?

“யாரு நீங்க?” என்றேன், வார்டன் குரலில்.

“பேரு வேலுச்சாமிங்க. கோயமுத்தூர்ல கரும்பு ஆராய்ச்சிப் பண்ணையில வேலைங்க. இந்த நாணல்ல விதை எடுக்க வந்தேனுங்க.”

அதற்குள் கூடிவிட்ட ஊர்க்காரர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். உப்பும் மீனும் பனையுமான கரையில் கரும்பு ஆராய்ச்சியா? பொய் சொல்கிறவர் கொஞ்சம் பொருத்தமாகச் சொல்லக் கூடாதா?

“கரும்புக்கு ஏது விதை? கரணை வெட்டித்தானே நடுதாங்க?” என்று மடக்கினேன். ஆழ்வார்திருநகரிப் பக்கம் என் மாமனார் வயலில் பார்க்காத கரும்பா!

“நடுறதுக்குக் கரணைங்க. புது ரகம் உண்டாக்க விதைதானுங்க வேணும். நல்ல கரும்புக்கு இனிப்பு உண்டு, தெம்பு இல்லீங்க. உப்புத் தண்ணி பட்டாச் செத்துப்போகும். இந்த நாணல் கரும்புக்குச் சொந்தக்கார இனமுங்க, உப்பைக் குடிச்சுட்டே வளருது. ரெண்டையும் இணை சேர்த்தா, உப்பு நிலத்துலயும் நிக்கிற கரும்பு ஒண்ணு கிடைக்கலாமுங்க. பூ முத்துனா பஞ்சாப் பறந்துடும். அந்தப் பஞ்சுக்குள்ளதான் விதை. அதுக்குத்தான் பை.”

கோர்வையாகத்தான் சொன்னார். அதனால்தான் எனக்கு இன்னும் சந்தேகம். இவ்வளவு கோர்வையாக யார் உண்மை பேசுகிறார்கள்?

யாரோ சொல்லி ஹெட் கான்ஸ்டபிளும் வந்துவிட்டார். எடுத்த எடுப்பிலேயே அதட்டல். “கரும்பு வேணும்னா ஆத்தங்கரைக்குப் போக வேண்டியதுதானலே? உப்புக்காட்டுல என்னலே சோலி? நட ஸ்டேஷனுக்கு! ஏ, அந்தப் பையை எல்லாம் அவுத்து எறிங்க!”

அதுவரை நிதானமாக இருந்த இளைஞர் கையெடுத்துக் கும்பிட்டார். “என்னை எங்க வேணாக் கூட்டிட்டுப் போங்க. பையை மட்டும் அவுக்காதீங்க. நாளைக்கோ மறுநாளோ முத்திடுமுங்க. விட்டா இனி அடுத்த வருசந்தான்.”

தன்னைவிடப் பைதான் பெரிது என்கிறாரே... அப்படி என்ன இருக்கிறது அதில்? எல்லார் முகத்திலும் அதே கேள்வி. சவரிமுத்துவின் மனைவி மரியதங்கம் மட்டும் அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஸ்டேஷனுக்குச் சாட்சியாக நானும் போனேன். கோயம்புத்தூர்ப் பண்ணைக்குத் தந்தி அடித்தார்கள். பதில் வரும்வரை அவரை ஒரு பெஞ்சில் உட்கார வைத்திருந்தார்கள். கொடுத்த காபியை அவர் தொடவில்லை. ஜன்னலுக்கு வெளியே மரக்கிளை அசையும்போதெல்லாம் எழுந்து எழுந்து உட்கார்ந்தார். பஞ்சைப் பறக்கவிடும் காற்றுக்குத்தான் இவ்வளவு பயப்படுகிறார் என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது.

மறுநாள் பதில் வந்தது. ஆள் அவர்களுடைய ஆள்தான். ஹெட் கான்ஸ்டபிள் அந்தத் தந்தியை இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்துவிட்டு, “சரி, போங்க” என்றார். ‘லே’ மட்டும் காணாமல் போயிருந்தது!

சைக்கிளில் பின்னால் ஏற்றிக்கொண்டு நானே அவரைத் தருவைகுளம் கொண்டுபோனேன்.

ஓடைக்கரையில் ஒரு வெள்ளைப் பைகூட இல்லை. அவர் அப்படியே மணலில் உட்கார்ந்துவிட்டார். என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை. நாணலைப் பார்த்தேன்.

கதிர்களின் தலையில் வேறு ஏதோ இருந்தது. பாசி நிறத் துணி. இலையோடு இலையாக, கிட்டே போனால்தான் தெரிந்தது.

மரியதங்கம் வந்தாள்.

“வெள்ளையப் பாத்தா மேல வாரவன் குண்டு போட்டுருவாம்லா? போலீசும் அவுக்கச் சொல்லியாச்சு, அவுத்துட்டேன். ஆனா இந்தத் தம்பி கும்புட்ட கும்புடு மனசுல நின்னுக்கிட்டே இருந்துச்சு. என் பழைய சேலையக் கிழிச்சுக் கட்டுனேன்.”

அவர் எழுந்து போய் ஒரு துணியைப் பிரித்தார். உள்ளே வெள்ளை வெளேரென்று பஞ்சு. ஒன்றும் போகவில்லை.

“என்னைய நம்புனீங்களாக்கா?” என்று கேட்டார்.

“நம்புனேம்னு யாரு சொன்னா? நீ யாரோ, எவரோ! அந்த உப்புத்தண்ணிக் கரும்பு வெளைஞ்சா ஒரு துண்டு இங்கன கொண்டா. கடிச்சுப் பாத்துட்டு நம்புதேன்.”

நம்பினால்தான் உதவ முடியும் என்று யார் சொன்னது?