வயிற்றில் போட்ட பட்டு

எங்கள் தெருவுக்கு 'சூச்சர்' என்ற சொல்லைக் கொண்டுவந்தவர் என் அப்பா. தொண்ணூறுகளின் நடுவில் ஆரணியில் ஒரு தறிக்காரத் தெரு முழுக்க அந்தச் சொல் புழங்கியது என்றால் டாக்டர்களே நம்பமாட்டார்கள். தறியில் நீளவாக்கில் ஓடும் பாவில் ஓர் இழை அறுந்தால் எதிர்வீட்டுக்காரர், "இரு, ஒரு சூச்சர் போட்டுட்டு வந்துடறேன்" என்று உள்ளே போவார். எல்லோரும் சிரிப்பார்கள். எனக்கு மட்டும் அந்தச் சொல்லைக் கேட்டாலே பற்றிக்கொண்டு வரும். காரணம், அது என் தங்கச்சியால் வந்த சொல்.

அப்போது எனக்குப் பத்து வயது, அவளுக்கு ஏழு. ஒரு திங்கட்கிழமை பள்ளிக்கூடப் பிரேயரில் வயிற்றைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவளை ஆயம்மா வீட்டுக்குத் தூக்கி வந்தார். அம்மா ஓமத்தண்ணீர் கொடுத்தாள். அதையும் தங்கச்சி வாந்தி எடுத்தாள். பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் இருந்த சின்ன நர்சிங் ஹோமில் டாக்டர் வயிற்றின் வலப்பக்கம் கீழே அழுத்திப் பார்த்து, அப்பெண்டிக்ஸ் என்றார். சாயங்காலமே ஆபரேஷன். என்னைச் சேவூரில் அத்தை வீட்டில் விட்டுவிட்டார்கள்.

அன்று ராத்திரி நான் அழுதேன் என்பதை இங்கே சொல்லிவிட வேண்டும். பிறகு சொல்லப்போவதைக் கேட்டுவிட்டு என்னை ஒரேயடியாக ராட்சசி என்று நினைத்துவிடக் கூடாது. ஆனால் மறுநாள் ஆஸ்பத்திரிக்குப் போய், அவள் தலைமாட்டில் இருந்த ஆப்பிள்களைப் பார்த்ததும் அழுகை நின்றுவிட்டது. ஆறு ஆப்பிள். பக்கத்தில் ஒரு ஹார்லிக்ஸ் பாட்டில், பிரிக்காதது. அவளால் அப்போது எதையும் தின்ன முடியாது. தின்ன முடியாதவளுக்கு எதற்கு இத்தனை என்று எனக்குப் புரியவில்லை.

அதைவிட என்னைச் சுட்டது தறி. அதற்கு முந்தின வருஷம் எனக்கு மஞ்சள் காமாலை வந்து இருபது நாள் படுத்திருந்தேன். அந்த இருபது நாளும் அப்பாவின் தறிச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டுதான் படுத்திருந்தேன், ஒரு நாள்கூட அது நிற்கவில்லை. இவளுக்கு நாலு நாள் நின்றது. எனக்காக நிற்காத தறி இவளுக்காக நிற்கிறதே என்று அந்த வயதில் நான் விரலை மடக்கி எண்ணினேன்.

மூன்றாம் நாள் கட்டுப் பிரித்து மருந்து போட்டபோது நானும் அங்கே இருந்தேன். தங்கச்சி பயத்தில் இரண்டு கையாலும் காதைப் பொத்திக்கொண்டு கண்ணை இறுக மூடியிருந்தாள். நர்ஸ் பஞ்சை எடுத்ததும் வயிற்றில் ஒரு கோடு தெரிந்தது. கோட்டின் குறுக்கே ஏழு சின்னக் கறுப்பு முடிச்சுகள். அம்மா முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அப்பாவோ குனிந்தார். தறியில் குற்றம் தேடும்போது குனிகிற அதே குனிவு. பார்த்துக்கொண்டே இருந்தவர், "சார், இது பட்டாச்சே" என்றார்.

டாக்டர் சிரித்தார். "ஆமாங்க. தைக்கிற நூலுக்கு சூச்சர்னு பேரு. இது சில்க் சூச்சர். சாட்சாத் பட்டேதான்."

"முறுக்கு வேற மாதிரி கீதே சார்."

"முறுக்கு இல்லீங்க, பின்னல். ஜடை மாதிரி மெல்லிசா பின்னியிருப்பாங்க. முடிச்சு நழுவாது."

"சரி, கறுப்பு எதுக்கு சார்? பச்சப் புள்ள. நம்ம வீட்ல நல்ல அரக்குச் செவப்பு நூலு ஒரு கண்டு கீது. ஒரு வார்த்தை சொல்லியிருந்தீங்கன்னா எடுத்தாந்திருப்பேன்."

அப்பா விளையாட்டுக்குச் சொல்லவில்லை. கல்யாணப் புடவை நெய்கிறவர் அவர். அவருடைய தறியில் கறுப்பு ஏறியதே இல்லை. மகள் வயிற்றில் கறுப்பு ஏறியது அவருக்கு மனசாகவில்லை.

நர்ஸ் வாயைப் பொத்திக்கொண்டு, "அரக்குல தெச்சா ரத்தம் எது நூலு எதுன்னு எப்படிங்க கண்டுபிடிக்கறது?" என்றார். டாக்டர் பொறுமையாக விளக்கினார். உள்ளே ஒரு நூல் போட்டிருக்கிறது, அது தானாகக் கரைந்து உடம்போடு போய்விடும். மேலே போட்ட பட்டு கரையாது. தோல் தானே ஒட்டிப் பிடிக்கும்வரை அது பிடித்துக்கொண்டிருக்கும், அவ்வளவுதான் அதன் வேலை. வேலை முடிந்ததும் எடுத்துவிட வேண்டும், இல்லாவிட்டால் உடம்பு அதை விரட்டப் பார்க்கும். எட்டாம் நாள் வாருங்கள்.

இதெல்லாம் என் காதிலும் விழுந்தது. ஆனால் மனதில் தங்கியது ஒன்றுதான். அவளுக்குப் பட்டு.

இதைப் புரிந்துகொள்ள எங்கள் வீட்டு வழக்கம் தெரிய வேண்டும். தறி எங்களுடையது, நூல் எங்களுடையதல்ல. முதலாளி வீட்டில் பட்டை எடை போட்டுக் கொடுப்பார்கள். புடவை முடிந்ததும் புடவையையும் எடை போடுவார்கள், மிஞ்சிய நூலையும் போடுவார்கள். அறுந்து விழும் துணுக்கைக்கூட அப்பா ஒரு துணிப்பையில் சேர்த்து வைத்திருந்து திருப்பிக் கொடுப்பார். பொம்மைக்குப் புடவை கட்ட ஒரு துணுக்கு எடுத்ததற்காக நான் முதுகில் வாங்கிய அடி இன்னும் நினைவிருக்கிறது. பள்ளிக்கூடம் விட்டு வந்து தினமும் ஒரு மணி நேரம் ராட்டையில் உட்கார்ந்து தார்க்குச்சியில் பட்டு நூல் சுற்றுவேன். கை முழுக்கப் பட்டு ஓடும். என் உடம்பில் ஓர் இழை பட்டு ஏறியது கிடையாது. தீபாவளிக்கு நைலான் பாவாடைதான். இவள் ஒன்றும் செய்யவில்லை, ராட்டையைத் தொட்டதுகூட இல்லை. வயிறு வலிக்கிறது என்று படுத்தாள், உடம்பிலேயே பட்டை வைத்துத் தைத்துவிட்டார்கள்.

ஐந்தாம் நாள் வீட்டுக்கு வந்தாள். தெருவே வந்து பார்த்தது. அப்பா ஒவ்வொருவருக்கும் அவள் சட்டையை விலக்கிக் காட்டி, "சூச்சருன்னு பேரு. டாக்டருங்களே நம்ம பட்டை நம்பித்தான் கீறாங்க" என்றார். சாதாரண நூலாயிருந்தால் இவ்வளவு சீக்கிரம் ஆறியிருக்காது என்று பக்கத்து வீட்டுத் தாத்தா தீர்ப்பே கொடுத்துவிட்டார். தங்கச்சி பாயில் சாய்ந்தபடி, வந்தவர்களையெல்லாம் பார்த்து மெல்லச் சிரித்தாள். அந்தச் சிரிப்பை இப்போது நினைத்தாலும் எனக்கு எரிச்சல் வருகிறது, பொய் சொல்வானேன்.

ஆறாம் நாள் சாயங்காலம் அவளும் நானும் மட்டும் இருந்தோம். நான் ராட்டை சுற்றிக்கொண்டிருந்தேன். என் பங்குக்கு மேல் அம்மாவின் பங்கும் சேர்ந்திருந்தது, ஏனென்றால் அம்மா இவளுக்குக் கஞ்சி வைக்கப் போயிருந்தாள். தங்கச்சி சட்டையைத் தூக்கிப் பார்த்துக்கொண்டு, "யக்கா, தொட்டுப் பாக்கறியா? வழவழன்னு கீது" என்றாள்.

ஆசையாகத்தான் கேட்டாள். எனக்கு அது பீற்றலாகக் கேட்டது.

"எனக்கு எதுக்கு? எனக்குன்னு இந்த வூட்ல ஒரு இழை உண்டா? எல்லாம் உனக்குத்தான்" என்றேன். அதோடு விட்டிருக்கலாம். விடவில்லை. "ரொம்ப ஆடாத. எட்டாம் நாளு எல்லாத்தையும் திருப்பி எடுத்துக்குவாங்க. டாக்டரே சொன்னாரு."

அவள் முகம் மாறியதைப் பார்த்ததும் எனக்கு இன்னும் சொல்ல வேண்டும் போலிருந்தது.

"சும்மா எடுத்துக்க மாட்டாங்க. எடை போட்டுத்தான் வாங்குவாங்க. பட்டுன்னா சும்மாவா? ஒரு துளி குறைஞ்சாலும் அப்பாவைத்தான் பிடிப்பாங்க."

அவள் சட்டையை இறக்கி, அதன்மேல் கையை வைத்துக்கொண்டாள். அன்று ராத்திரியும் மறுநாளும் தையலை யாருக்கும் காட்டவில்லை. புண் அரிக்கிறதோ என்று அம்மா கவலைப்பட்டாள். எனக்கு ஒரு வாரத்தில் முதல் தடவையாக நன்றாகச் சோறு இறங்கியது.

எட்டாம் நாள் காலை அப்பா ஆட்டோ கூப்பிடப் போனார். அம்மா வெந்நீர்த் துண்டோடு வந்து பார்த்தால் பாயில் தங்கச்சி இல்லை. "எங்கடி போனா? குனியக்கூடாது, நிமிரக்கூடாதுன்னு சொல்லிகினு கீறேன், இது இன்னா பேஜாரு" என்று தெருவுக்கு ஓடினாள். எனக்குச் சொல்லாமலே தெரிந்துவிட்டது. ஒளிந்து விளையாடும்போது அவள் போகிற இடம் ஒன்றுதான்.

தறிக்குழியில் இருந்தாள். அப்பா கால் தொங்கப்போட்டு மிதிக்கிற பள்ளம் அது. உள்ளே உட்கார்ந்துவிட்டால் வெளியிலிருந்து தெரியாது. நான் எட்டிப் பார்த்தேன். பாவாடையைக் கொஞ்சம் இறக்கிவிட்டு, சட்டையைப் பல்லில் கடித்துக்கொண்டிருந்தாள். மடியில் அப்பா நூல் வெட்டும் சின்னக் கத்தரி. கோட்டின் ஓரத்தில் பொட்டு அளவு ரத்தம்.

"அடிப்பாவி, இன்னாடி பண்ணே?"

அவள் சட்டையை விட்டாள். உள்ளங்கையை விரித்தாள். அரை அங்குலம் இருக்கும், முடிச்சோடு ஒரு கறுப்பு நூல்.

"உனக்குத்தான் யக்கா. எல்லாத்தையும் எடுத்துக்குவாங்கன்னு சொன்னியே, அதான் முன்னாடியே ஒண்ணு எடுத்தேன். வெச்சுக்க."

"எடை குறையுமே?"

"முழுங்கிட்டேன்னு சொல்லிடறேன்."

எனக்கு என்ன தோன்றியது என்பதை உள்ளபடியே சொல்கிறேன். 'இத்தனூண்டா' என்று தோன்றியது. என் பட்டு என்று நான் கனவு கண்டதெல்லாம் அரக்கும் ஜரிகையுமாக இருந்தது. இது எறும்பு மாதிரி கறுப்பாக, ஓரத்தில் ஈரமாக இருந்தது. "கறுப்பா கீது" என்றேன். வாங்கி ஜாமெட்ரி பாக்ஸில் போட்டு மூடினேன். அவள் எழுந்திருக்கக் கை கொடுத்தேன். அதற்குள் அம்மா வந்துவிட்டாள்.

ஆஸ்பத்திரியில் டாக்டர் ஒவ்வொரு முடிச்சாகத் தூக்கி வெட்டி உருவினார். கடைசியில் சீட்டைப் பார்த்தார். "ஏழு போட்டிருக்கேன். ஆறுதானே வந்திருக்கு?"

அப்பாவின் கண் உடனே தரைக்குப் போயிற்று. குனிந்து மேசைக்கு அடியில் தேட ஆரம்பித்துவிட்டார். டாக்டர் இன்னொரு தடவை தழும்பைத் தடவிப் பார்த்தார். "ஓரத்துல ஒண்ணு தானா வந்துட்டிருக்குங்க. பரவாயில்லை, நல்லா சேர்ந்துடுச்சு. நீங்க எழுந்திரிங்க" என்றார். அப்பா எழுந்திருக்கவில்லை. நூல் குறைகிறது என்று யாராவது சொன்னால் தேடாமல் இருக்க அவரால் முடியாது. தங்கச்சி அப்பாவின் முதுகையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

நர்ஸ் அவளை மெல்ல இறக்கி, "வா கண்ணு, எடை பாக்கணும்" என்று சுவரோரம் இருந்த மெஷின் பக்கம் கூட்டிப்போனார்.

ஆபரேஷன் ஆன எல்லாக் குழந்தைகளுக்கும் பார்ப்பதுதான். ஆனால் மெஷினுக்கு ஓர் அடி முன்னால் அவள் நின்றுவிட்டாள். ஊசிக்கு அழாதவள், தையல் உருவும்போது உதட்டைக் கடித்துக்கொண்டு கிடந்தவள், அங்கே நின்று குரலெடுத்து அழ ஆரம்பித்தாள்.

"நான்தான் முழுங்கிட்டேன். பசிச்சிச்சு, முழுங்கிட்டேன். அப்பாவை ஒண்ணும் பண்ணாதீங்க."

ஒரு கணம் எல்லோரும் விழித்தார்கள். பிறகு டாக்டர் சிரித்தார், நர்ஸ் சிரித்தார், அம்மா அழுதுகொண்டே சிரித்தாள். வயிற்றில் போட்ட தையலை வாயால் முழுங்கிய பெண் என்று எங்கள் வீட்டில் இன்றும் எந்த விசேஷத்திலும் அந்தக் கதை வந்துவிடும். அவளும் கூடச் சிரிப்பாள். இத்தனை வருடத்தில் வேறு எதையும் அவள் சொன்னதில்லை. நானும்தான்.

டாக்டர் மேசை இழுப்பறையைத் திறந்து, தைரியசாலிக்கு என்று ஒரு சாக்லேட் கொடுத்தார். பெரியது, தங்கக் காகிதம் சுற்றியது. நான் கதவோரமாக நின்றிருந்தேன். எனக்குக் கொடுக்க யாருக்கும் தோன்றவில்லை. அப்பா அவளைத் தோளில் தூக்கிக்கொண்டார். அவருடைய சட்டைக் காலரை இறுகப் பிடித்தபடி அவள் சுவரைப் பார்த்தாள், மெஷினைப் பார்த்தாள், நர்ஸைப் பார்த்தாள். ஏழாவது முடிச்சை வாங்கி வைத்திருந்த நான் நின்ற பக்கம் மட்டும் ஒரு தடவைகூடத் திரும்பவில்லை. ஆட்டோ ஏறும்வரை திரும்பவில்லை.

சாக்லேட்டில் பங்கு கேட்டுவிடுவேன் என்றுதான் என்னைப் பார்க்காமல் இருக்கிறாள் என்று அன்றைக்கு நான் நினைத்தேன்.