சிவப்பில் போகவிருந்த கோப்பு

“உனக்கு இது செட் ஆவாதும்மா. டெஸ்டிங் பக்கம் போயிடு, நிம்மதியா இருக்கும்.”

வேலையில் சேர்ந்த முதல் வாரம் எங்கள் குழுத்தலைவர் என்னிடம் சொன்னது இது. கோலார் தங்கவயலிலிருந்து தினமும் ரயிலில் பெங்களூருக்கு வந்துபோகிறவர். கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. அதனாலேயே எனக்கு அதிகமாக எரிந்தது. எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். அலுவலக அடையாள அட்டையை எங்கள் பகுதியான ஜீவனஹள்ளியில் பேருந்தைவிட்டு இறங்கும்வரை கழுத்திலிருந்து கழற்ற மாட்டேன். டெஸ்டிங்குக்கும் போகவில்லை.

எங்கள் நிறுவனம் சிறியது. மேசைக் கணினிகளைச் சுத்தம் செய்யும் மென்பொருள் ஒன்றை விற்கிறது. எந்தக் கணினியிலும் பல நிரல்கள் பொதுவாகப் பயன்படுத்தும் கோப்புகள் நிறைய இருக்கும். அவற்றின் பெயர் டிஎல்எல் என்று முடியும். அச்சிடுவது, படம் காட்டுவது போன்ற வேலைகளை ஒவ்வொரு நிரலும் தானே செய்யாமல் இந்தக் கோப்புகளிடம் விட்டுவிடும். தகவல் திருடும் நிரல்களும் இதே உருவத்தில் வந்து ஒளிந்துகொள்வதுண்டு. எது எந்த வகை என்று பார்த்துப் பிரிப்பது என் வேலை. விண்டோஸோடு வந்தது, வேறு நிரலோடு வந்தது, தெரியாதது, தீங்கானது. கடைசி வகைக்குச் சிவப்பு. எங்கள் பட்டியலில் ஒரு பெயர் சிவப்பாகிவிட்டால், வாடிக்கையாளர்களின் கணினிகளிலிருந்து அந்தக் கோப்பை மென்பொருள் கேட்காமலே நீக்கிவிடும்.

போன மழைக்காலத்தில், கணினி சந்தேகமாக நடந்துகொள்கிறது என்று ஒரு வாடிக்கையாளர் ஒரு கோப்பை அனுப்பினார். செய்தவர் பெயர் அதில் இல்லை. டிஜிட்டல் கையொப்பமும் இல்லை. பென் டிரைவ் செருகினால் உடனே விழித்துக்கொண்டது.

“ஊரு பேரு இல்ல, கையெழுத்து இல்ல, பென் டிரைவ மோந்து மோந்து பாக்குது. இன்னும் இன்னா வேணும்?” என்றார் குழுத்தலைவர். “செவப்புல போடு. வெள்ளிக்கிழம லிஸ்ட்டு வெளிய போவணும்.”

போடுமுன் கோப்பைத் திறந்து பார்த்தேன். உள்ளே பெரும்பாலும் கிறுக்கல்தான் இருக்கும். நடுநடுவே படிக்கக்கூடிய ஆங்கிலச் சொற்கள் சில அகப்படும். இதில் ஊசி, ஃப்ரேம், நூல் வெட்டு, நூல் அறுந்தது என்று இருந்தன. இவை எனக்கு நன்றாகத் தெரிந்த சொற்கள். ஜீவனஹள்ளியில் கம்ப்யூட்டர் எம்பிராய்டரி போடும் ஒரு யூனிட்டில் அம்மா பிசிறு நூல் வெட்டுகிறாள். பள்ளி விட்டதும் நான் அங்கே உட்கார்ந்துதான் வீட்டுப்பாடம் எழுதுவேன். டிசைனைக் கணினியில் தயார் செய்து, பென் டிரைவில் ஏற்றி, இயந்திரத்தில் செருகுவார்கள். அப்படியென்றால் அந்தக் கோப்பு பென் டிரைவைக் கவனிக்கத்தானே வேண்டும்? யூனிட்டில் இருப்பது ஒரே கணினி. அதிலும் எங்கள் மென்பொருள் உண்டு. கோப்பு போனால் டிசைன் நிரல் திறக்காது. இயந்திரம் நின்ற நாளில் அங்கே பெண்களுக்கு வேலை கிடையாது.

“சார், இது எம்பிராய்டரி சாஃப்ட்வேரோட ஃபைலு.”

“உனக்கு எப்டி தெரியும்?”

“எங்கம்மா அந்த எடத்துலதான் சார் வேல செய்றாங்க.”

பக்கத்து மேசையில் யாரோ சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை. “அதுக்காவ ஃபைலுக்கு நீ கேரக்டர் சர்டிபிகேட் குடுப்பியா? ஆதாரம் எடுத்துனு வா. இல்லன்னா செவப்புதான்.”

அன்று மாலையே யூனிட்டுக்குப் போனேன். உரிமையாளரைச் சின்ன வயதிலிருந்தே பாய் என்றுதான் கூப்பிடுவேன். அவருக்கு நான் ‘பேட்டி’, அதாவது மகள்.

“பாய், கம்ப்யூட்டர்ல ஒரு ஃபைலு காப்பி எடுத்துக்கணும்.”

“டிசைன் எதுவும் போயிடாதே பேட்டி? தசரா ஆர்டர் இருக்கு.”

“எதையும் தொட மாட்டேன் பாய்.”

“போச்சுன்னா உன்ன ஒக்கார வெச்சி கையால போட வெப்பேன், பாத்துக்கோ.”

நூல் குவியலுக்குப் பின்னாலிருந்து அம்மா குரல் கொடுத்தாள். “ஆபீஸ்காரம்மா, செருப்ப வெளிய வுட்டுட்டு வந்தியா?”

அதே பெயரில் கோப்பு இருந்தது. நிரலோடு வந்த சிடியையும் பாய் பாலித்தீன் பையில் சுற்றிப் பத்திரமாக வைத்திருந்தார். அதிலும் அதே கோப்பு. இரண்டையும் எடுத்துக்கொண்டேன். ஜெயித்துவிட்டேன் என்றே நினைத்தேன்.

மறுநாள் காலை அலுவலகத்தில் ஹேஷ் போட்டுப் பார்த்தேன். ஹேஷ் என்பது ஒரு கோப்பின் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிட்டு எடுக்கும் நீளமான அடையாளம். உள்ளே ஓர் எழுத்து மாறினாலும் அது முழுக்க மாறிவிடும். பாயின் கணினியில் இருந்ததும் சிடியில் இருந்ததும் ஒன்றாக இருந்தன. வாடிக்கையாளர் அனுப்பியது வேறாக இருந்தது.

பழைய பதிப்பாக இருக்கும் என்று சமாதானம் சொல்லிக்கொண்டு, இரண்டையும் அருகருகே திறந்து ஒப்பிட்டேன். கிட்டத்தட்ட முழுவதும் ஒன்றேதான். வாடிக்கையாளர் அனுப்பியதில் மட்டும் கடைசியில் ஒரு துண்டு கூடுதலாக ஒட்டியிருந்தது. பென் டிரைவில் இருப்பதை இணையம் வழியாக எங்கேயோ அனுப்பும் துண்டு. யாரோ ஒரு நல்ல கோப்பைப் பிடித்து அதற்குள் தங்கள் வேலையைச் செருகியிருந்தார்கள்.

குழுத்தலைவர் சந்தேகப்பட்டது சரி, நான் சொன்னதும் சரி. நேர்மையாகச் சொன்னால் எனக்கு அது பிடிக்கவில்லை. நான் மட்டும் சரியாக இருந்திருக்கலாம் என்று தோன்றியது. ஆனால் எங்கள் மென்பொருள் பெயரைப் பார்த்துத்தான் நீக்குகிறது. அந்தப் பெயர் சிவப்பானால் பாயின் கோப்பும் சேர்ந்து போய்விடும்.

குழுத்தலைவரிடம் இரண்டையும் திரையில் காட்டினேன். கூடுதலாக ஒட்டியிருந்த துண்டை வரி வரியாகப் பார்த்தார்.

“பேர வெச்சி போட்டா நல்லதும் போவும் சார். ஹேஷ வெச்சி போட்டா கெட்டது மட்டும் போவும்.”

“அப்போ பழைய லிஸ்ட்டு?”

“அதுவும் பேர்லதான் சார் இருக்கு.”

அந்தப் பட்டியலை ஆரம்பித்தவரே அவர்தான். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “இத எவனாவது மொதல்லயே கேட்டிருக்கணும்.”

“இப்போ நான் கேட்டுட்டேன் சார்.”

“வாயப் பாரு,” என்றார். ஆனால் அன்று வழக்கமான ரயிலை விட்டுவிட்டு, ஹேஷ் பொருந்தினால் மட்டுமே நீக்கும்படி மென்பொருளை என்னோடு உட்கார்ந்து மாற்றினார். வெள்ளிக்கிழமை பட்டியலில் அந்தப் பெயர் இரண்டு வரிகளில் போனது. ஒன்று சிவப்பில். இன்னொன்று, எம்பிராய்டரி நிரலோடு வந்தது என்ற குறிப்புடன். தசரா ஆர்டர் நேரத்துக்கு முடிந்ததாக அம்மா சொன்னாள்.

பழைய சிவப்புப் பெயர்களை இப்போது ஒவ்வொன்றாகப் பிரித்துக்கொண்டிருக்கிறேன். நானே கேட்டு வாங்கிய வேலை. அடுத்து நிற்பது அச்சகங்களில் பயன்படும் ஒரு நிரலின் கோப்பு. ஒப்பிட நல்ல பிரதி ஒன்று வேண்டும். மர்பி டவுனில் ஓர் அச்சகத்துக்குப் போன் செய்தேன். கம்ப்யூட்டரை வெளியாள் தொடக்கூடாது என்றார் உரிமையாளர். நீங்களே தொடுங்கள், நான் பக்கத்தில் நின்று சொல்கிறேன் என்றேன். சனிக்கிழமை காலை வரச் சொல்லியிருக்கிறார்.